இணைப்பில்லாத குமிழ்

ஜனவரி 12

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். இங்கே நானும் மாமாவும் சௌகரியம். உன் சௌகரியத்தை உன் வாயால் கேட்டு இரண்டு மாதம் ஆகிறது. அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

மூன்று தடவை உன் டான்ஸ் கிளப்புக்குப் போன் செய்தேன். மூன்று தடவையும் ஒரு பெண்தான் எடுத்தாள். "முதலாளி வேலையா இருக்காருங்க. லெட்டர் போடச் சொன்னாரு" என்றாள். சொந்த அக்காவோடு இரண்டு வார்த்தை பேச முடியாதபடி அப்படி என்னடா வேலை?

கடைசியாக நாம் பேசியது ஞாபகம் இருக்கிறதா? மாமாவுக்குக் கண் ஆபரேஷன் என்று சொன்னேன். "ரொம்ப சந்தோஷம்க்கா, ஜமாய்ங்க" என்று சொல்லி வைத்துவிட்டாய். மாமா அன்று முழுக்கச் சிரித்தார். "என் கண்ணு போறதுல உன் தம்பிக்கு அவ்வளவு சந்தோஷமா?" என்றார். நானும் சேர்ந்து சிரித்தேன். படுத்த பிறகு சிரிப்பு வரவில்லை. ஏதாவது கோபமா? மாமா எப்போதோ உன் தொழிலை 'ஆட்டக்கடை' என்று சொன்னதை மனதில் வைத்திருக்கிறாயா?

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. இப்போது பேப்பரை அவரே படிக்கிறார். உடனே பதில் எழுது. உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அக்கா


ஜனவரி 30

அன்புள்ள அக்காவுக்கு,

வணக்கம். எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. தூக்கமும் சாப்பாடும்தான் நேரம் தவறி நடக்கின்றன. இந்தத் தொழிலில் அது வாங்கி வந்த வரம்.

உன்மேல் எனக்கென்ன கோபம்? கிளப்பில் போன் இருக்கும் இடம் அப்படி. பக்கத்திலேயே பாட்டில் அடுக்குகிறார்கள், நாற்காலி இழுக்கிறார்கள், ஒரு வார்த்தை காதில் விழாது. கடிதம் என்றால் நிதானமாக, இரண்டு தடவை படிக்கலாம். இனி கடிதமே எழுது.

நல்ல செய்தி ஒன்று. ஜூன் மாதம் ஆற்றோரமாக இரண்டாவது கிளப் திறக்கிறேன். பத்தொன்பது வயதில் இந்த வாசலில் பாட்டில் பெட்டி இறக்கினவன் நான். பிறகு கோப்பை கழுவினேன், வாசலில் நின்று குடிகாரர்களைத் தள்ளிவிட்டேன், ஊற்றிக் கொடுத்தேன், மேனேஜர் ஆனேன். பழைய முதலாளி படுத்த படுக்கையானபோது சாவிக்கொத்தை என் கையில் வைத்து "இனிமே நீ பாத்துக்கோடா" என்றார். பதினோரு வருஷமாகப் பார்த்துக்கொள்கிறேன். இன்று முப்பது பேர் என்னை நம்பி இருக்கிறார்கள். ஆட்டக்கடையோ பாட்டுக்கடையோ, மாமா ஒரு தடவை வந்து பார்க்கட்டும்.

என் அறையை மாடிக்கு மாற்றிக்கொண்டேன். நேர் கீழே பானங்கள் வைக்கும் குளிர் அறை. அதனால் தரை எந்நேரமும் ஜில்லென்று இருக்கிறது, காலுறை போட்டுக்கொண்டு உட்காருகிறேன். இங்கே ஒலி பார்க்கிற ஒரு பெண் இருக்கிறாள். உடம்பெல்லாம் ஒயரைச் சுற்றிக்கொண்டு திரிவதால் எல்லாரும் ஒயரம்மா என்போம். போன் எடுத்தது அவள்தான். பாட்டுச் சத்தம் போதவில்லை என்று நான் சொல்வதும், போதும் என்று அவள் மல்லுக்கு நிற்பதும் தினசரி கூத்து. கடைசியில் "என் மேஜையிலேயே ஒரு வால்யூம் குமிழ் வெச்சுக் குடு, நானே திருகிக்கறேன்" என்றேன். வைத்துக் கொடுத்துவிட்டாள். அக்கம்பக்கத்தாரின் புகார்கூட நின்றுவிட்டது. எல்லாம் நல்லபடியாகப் போகிறது.

மாமாவுக்கு என் வணக்கம்.

தம்பி


பிப்ரவரி 14

அன்புள்ள தம்பிக்கு,

இருவரும் நலம். புதுக் கிளப் செய்தி கேட்டு மாமா இரண்டு வீடுகளுக்குப் போய்ச் சொல்லிவிட்டு வந்தார். ஆட்டக்கடைக்கு இப்போது அவர்தான் பெரிய ரசிகர்.

நான் கேட்ட ஒரு கேள்விக்கு நீ பதில் எழுதவில்லை. கண் ஆபரேஷன் என்றதும் ஏன் சந்தோஷம் என்றாய்? சும்மா வேடிக்கையா? வேடிக்கை என்றால் ஒரு வரி எழுதிவிடு. நிம்மதியாக இருப்பேன்.

உடம்பு ஜாக்கிரதை.

அக்கா


மார்ச் 20

அக்காவுக்கு,

நலம். பதில் எழுதத் தாமதமாகிவிட்டது, மன்னித்துக்கொள். இங்கே ஒரு விபத்து.

ஆறாம் தேதி மத்தியானம், துப்புரவு வேலை பார்க்கும் அம்மா குளிர் அறையைத் துடைக்க உள்ளே போயிருக்கிறார். கதவு தானாகச் சாத்திக்கொண்டது. உள்பக்கக் கைப்பிடி கழன்று கிடந்திருக்கிறது, திறக்க முடியவில்லை. நாற்பது நிமிஷம். காலிப் பெட்டியை எடுத்துக் கதவில் இடித்துக்கொண்டே இருந்திருக்கிறார். சரக்கு இறக்க வந்த வண்டிக்காரர் தெருவிலிருந்து கேட்டுவிட்டு ஓடிவந்து திறந்தார். நான் மாடியில் புது இடத்துக்குத் திரைச்சீலை பார்த்துக்கொண்டிருந்தேன். வண்டிக்காரர் வந்து என் தோளைத் தட்டியதும் விழுந்தடித்துக்கொண்டு கீழே போனேன். அந்த அம்மாவின் உதடு நீலமாக இருந்தது.

உயிருக்கு ஒன்றுமில்லை. நாலு நாள் ஆஸ்பத்திரி. வலது கையில் இரண்டு விரல் நுனியில் உணர்ச்சி இன்னும் வரவில்லை.

கைப்பிடி கழன்றதை, சரக்கறையைப் பார்க்கும் ஸ்டோர்க்காரர் என்னிடம் சொல்லவே இல்லை. கேட்டால் "ரெண்டு தடவ சொன்னேன் முதலாளி" என்று சாதிக்கிறார். பதினோரு வருஷமாகக் கூட இருந்த மனுஷன் இப்படிப் பேசினால் என்ன செய்வது? வேலையை விட்டு நிறுத்திவிட்டேன். தொழிலாளர் ஆய்வாளரின் விசாரணை நடக்கிறது. புதுக் கிளப்புக்கு லைசென்ஸ் கிடைப்பதும் அதை வைத்துத்தான்.

நீ கவலைப்படாதே.

தம்பி


மார்ச் 28

அன்புள்ள தம்பிக்கு,

இருவரும் நலம். உன் கடிதத்தை மாமாவுக்குப் படித்துக் காட்டினேன். அந்த அம்மாவை நினைத்து இருவருக்கும் சாப்பாடு இறங்கவில்லை. அவருக்குப் பிள்ளைகள் உண்டா? யார் பார்த்துக்கொள்கிறார்கள்?

ஒன்று கேட்கிறேன். குளிர் அறை உன் அறைக்கு நேர் கீழே என்று நீதான் எழுதினாய். தெருவில் போன வண்டிக்காரருக்குக் கேட்டது உனக்கு ஏன் கேட்கவில்லை?

அக்கா


ஏப்ரல் 25

அக்காவுக்கு,

நலம்.

நான் அவசரத்தில் தப்பாக எழுதிவிட்டேன். அந்த நேரத்தில் நான் கட்டிடத்திலேயே இல்லை. திரைச்சீலைக் கடைக்குப் போயிருந்தேன். ஆய்வாளரிடமும் அப்படித்தான் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

கோர்ட்டில் மற்றவர்கள் வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்து செய்து உனக்கு எல்லாரையும் கூண்டில் ஏற்றிப் பார்க்கும் பழக்கம் வந்துவிட்டது. என்னை விட்டுவிடு. எனக்கு இங்கே ஆயிரம் தலைவலி.

மாமாவைக் கேட்டதாகச் சொல்.

தம்பி


மே 3

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் இருவரும் உடம்பளவில் நலம். நேற்று மாமா "ரெண்டு நாளா நீ எதுக்குப் பேசாம இருக்க?" என்றார். இந்தக் கடிதத்தை மனதுக்குள்ளேயே எழுதிக்கொண்டிருந்தேன்.

நீ சொன்னது சரி. இருபத்தாறு வருஷமாக வாக்குமூலம் தட்டச்சு செய்கிறேன். பொய் சொல்கிறவர்களை எனக்குத் தெரியும். முதலில் ஒன்று சொல்வார்கள், ஒரு கேள்வி வரும், இரண்டாவதாக வேறொன்று சொல்வார்கள். மார்ச்சில் வண்டிக்காரர் உன் தோளைத் தட்டினார் என்று எழுதினாய். திரைச்சீலைக் கடையில் வந்தா தட்டினார்? கூப்பிட்டால் போதாதா, ஏன் தோளைத் தட்ட வேண்டும்? அந்த ஒரு வார்த்தையில்தான் எனக்கு எல்லாம் சேர்ந்து வந்தது. போன் வேண்டாம் என்றது, கண் ஆபரேஷனுக்குச் சந்தோஷப்பட்டது, பாட்டுச் சத்தம் போதவில்லை என்றது.

அப்பா நினைவு வந்தது. தகரப் பட்டறையில் முப்பது வருஷம் தட்டித் தட்டி, ஐம்பது வயதில் காது போய்விட்டது. யாரிடமும் சொல்லவில்லை. யார் என்ன சொன்னாலும் சிரித்துக்கொண்டு தலையாட்டுவார். ஒரு நாள் சூப்பர்வைசர் "இந்த மாசத்தோட நின்னுக்கறீங்களா?" என்று கேட்டதற்கும் தலையாட்டிவிட்டு வந்தார். "இன்னிக்கு சூப்பர்வைசர் எங்கிட்ட ரொம்பத் தன்மையா பேசினாரு" என்று வீட்டில் வந்து பெருமையாகச் சொன்னார். அடுத்த மாதம் வருகைப் பலகையில் அவர் அட்டை இல்லை.

நாம் இரண்டு பேரும் என்ன செய்தோம்? சாப்பிடும்போது சத்தமில்லாமல் வாயை மட்டும் அசைப்பாய். அப்பா தலையாட்டுவார். நான் வயிறு வலிக்கச் சிரிப்பேன். ஒரு நாள் அவர் கண்டுபிடித்துவிட்டார். திட்டவில்லை. அதற்குப் பிறகு நம்மோடு உட்கார்ந்து சாப்பிடவும் இல்லை. இதை நாம் ஒருவருக்கொருவர் இதுவரை பேசியதில்லை. நான் மறக்கவில்லை. நீயும் மறந்திருக்கமாட்டாய்.

நேராகக் கேட்கிறேன். உனக்குக் காது கேட்கிறதா? ஸ்டோர்க்காரர் இரண்டு தடவை சொன்னது உண்மையாக இருந்தால்? நீ தலையாட்டியிருந்தால்?

திட்டுவதற்காகக் கேட்கவில்லையடா. பயமாக இருக்கிறது.

உன் அக்கா


ஜூன் 2

மதிப்பிற்குரிய அம்மா அவர்களுக்கு,

நீங்கள் நலமாக இருக்க வேண்டும். கிளப்பில் ஒலி பார்க்கும் பெண் எழுதுகிறேன். ஒயரம்மா என்றால் உங்களுக்குத் தெரியும். ஒரு மாதமாகத் தம்பியிடமிருந்து பதில் இல்லை என்று என் பெயருக்கு நீங்கள் எழுதிய கடிதம் கிடைத்தது. நாலு நாள் பையிலேயே வைத்திருந்தேன். என்ன எழுதுவது என்று தெரியவில்லை.

முதலாளிக்குக் காது கேட்காது. எங்கள் எல்லாருக்கும் தெரியும். எங்களுக்குத் தெரியும் என்பது அவருக்குத் தெரியாது. உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வார், அது முடியாதபோது தலையாட்டுவார். சத்தம் போதவில்லை என்று சொல்லிச் சொல்லி ஏற்றச் சொன்னதில் வேலை செய்கிறவர்கள் காதெல்லாம் போய்விடும்போல் இருந்தது. அதனால்தான் அவர் மேஜையில் அந்தக் குமிழை வைத்தேன். அது எதோடும் இணைக்கப்படவில்லை அம்மா. ஆறு மாதமாக அவர் திருகிக்கொண்டிருக்கிறார். நான் கீழே என் இஷ்டத்துக்கு வைத்துக்கொள்கிறேன். புகார் நின்றது அதனால்தான். அப்போது சாமர்த்தியம் என்று நினைத்தேன். எல்லாரும் என் முதுகைத் தட்டினார்கள்.

ஸ்டோர்க்காரர் கைப்பிடி பற்றிச் சொன்னபோது நான் பக்கத்தில்தான் நின்றேன். முதலாளி விளக்கை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். "நல்லது, செஞ்சிடலாம்" என்றார். முதலாளிக்குப் புரிந்துவிட்டது, ஆள் அனுப்புவார் என்று ஸ்டோர்க்காரர் இருந்துவிட்டார். பத்து நாள் கழித்து ஸ்டோர்க்காரர் மறுபடி சொன்னார். அப்போதும் முதலாளி தலையாட்டினார். ஆய்வாளர் என்னைக் கேட்டபோது நான் எதுவும் பார்க்கவில்லை என்றேன். உண்மையைச் சொன்னால் கிளப்பை மூடிவிடுவார்கள் என்ற பயம். ஸ்டோர்க்காரர் என்னை ஒரு பார்வை பார்த்தார். அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை.

உங்கள் கடிதம் வந்த பிறகு நேற்று முதலாளியிடம் போனேன். எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக் கையில் கொடுத்தேன். படித்தார். பிறகு குமிழைப் பிடித்து இழுத்தார். ஒரு சாண் ஒயரோடு கையோடு வந்துவிட்டது. நுனியில் நான் சுற்றிய டேப் அப்படியே இருந்தது. "வெளிய போம்மா" என்றார். இன்று கிளப்புக்கு வரவில்லை. வீட்டுக் கதவையும் திறக்கவில்லை.

நீங்கள் ஏதாவது செய்ய வேண்டும். நான் செய்தது தப்பு.

வணக்கத்துடன்,
ஒயரம்மா


ஜூன் 6

தம்பி,

அந்தப் பெண் எல்லாவற்றையும் எழுதிவிட்டாள். அவளை வேலையைவிட்டு நிறுத்தினால் என் முகத்தில் விழிக்காதே.

கதவைத் திறந்து வை. பதினாலாம் தேதி காலையில் நானும் மாமாவும் வந்து சேருவோம். கதவைத் தட்டி உனக்குக் கேட்காதென்று திரும்பிப் போகிற ஆள் நான் இல்லை. அதற்குள் நீ செய்ய வேண்டியது எது என்று உனக்கே தெரியும்.

ஏதாவது சாப்பிடு.

அக்கா


ஜூன் 24

அன்புள்ள அக்காவுக்கு,

நீங்கள் இருவரும் நல்லபடியாக ஊர் போய்ச் சேர்ந்தது உன் கார்டில் தெரிந்தது. மாமாவுக்குப் பயண அலுப்பு தீர்ந்ததா? இங்கே இருந்த ஒரு வாரமும் நீ எதையும் தோண்டிக் கேட்கவில்லை. என் சட்டைகளைத் தேய்த்து வைத்தாய், டாக்டரிடம் கூட்டிப் போனாய், எதிரில் உட்கார்ந்து நிதானமாகப் பேசினாய். கேட்காமல் விட்டதற்கெல்லாம் இப்போது பதில் எழுதுகிறேன்.

நாலு வருஷமாகிறது. முதலில் வலது காது. பிறகு இடதும் தேய ஆரம்பித்தது. பாட்டு விற்கிறவனுக்குக் காது கேட்காது என்றால் ஊர் சிரிக்குமே என்று பயம். அதைவிடப் பெரிய பயம், நானும் அப்பா மாதிரி ஆகிவிடுவேனோ என்பது. ஆகாமல் இருக்கத்தான் மறைத்தேன். மறைத்துத்தான் அப்படியே ஆனேன்.

கைப்பிடி பற்றி என்னிடம் யாரும் சொல்லவில்லை என்று நான் சொன்னது அன்று நான் நம்பிய உண்மை. கட்டிடத்தில் இல்லை என்றது தெரிந்தே சொன்ன பொய். அந்த அம்மா கீழே இடித்துக்கொண்டிருந்த நாற்பது நிமிஷமும் நான் மேலே பச்சைத் துணி நல்லதா நீலத் துணி நல்லதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். காலுக்குக் கீழே தரை அதிர்ந்திருக்க வேண்டும். அதிர்ந்ததா என்று இப்போதும் நினைத்து நினைத்துப் பார்க்கிறேன். தெரியவில்லை அக்கா.

நீங்கள் ரயில் ஏறிய மறுநாள் ஆய்வாளரிடம் போய் முதல் வாக்குமூலத்தைத் திருத்தி எழுதிக் கொடுத்தேன். அவர் படித்துவிட்டுப் பேனாவை மூடினார். இரண்டாவது கிளப்புக்கு லைசென்ஸ் இல்லை. இந்தக் கிளப்பையும் கதவு, வயரிங், படிக்கட்டு எல்லாம் மறுபடி சோதித்த பிறகுதான் திறக்கலாம். பொய் வாக்குமூலத்துக்கு வழக்கு வரலாம். எதிர்பார்த்ததுதான். ஆனாலும் வெளியே வந்ததும் படியிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

அடுத்து ஸ்டோர்க்காரர் வீடு. இப்போது ஒரு மருந்துக் கிடங்கில் வேலை பார்க்கிறார். நான் போனபோது முதுகைக் காட்டிக்கொண்டு ஷூ கழற்றிக்கொண்டிருந்தார். தலையை மட்டும் திருப்பி என்னைப் பார்த்துவிட்டு மறுபடி குனிந்துகொண்டார். தோள் அசைந்தது, ஏதோ பேசுகிறார் என்று தெரிந்தது.

"கொஞ்சம் என் பக்கம் திரும்பிப் பேசுங்க. எனக்குக் காது கேக்காது" என்றேன்.

திரும்பினார். என்னை மேலும் கீழும் பார்த்தார். "இத மார்ச் மாசமே சொல்றதுக்கென்ன?" என்றார்.

"பயம்."

"எனக்கு மட்டும் பயம் இல்லையா? மூணு மாசமா என் பொண்டாட்டிகூட என்னை நம்பல. 'நீங்க சொல்ல மறந்துட்டுச் சமாளிக்கிறீங்க'ங்கறா. எங்கிட்ட மன்னிப்புக் கேக்காதீங்க. உள்ள இருக்கா, அவகிட்டப் போய்ச் சொல்லுங்க. அப்புறம் கிளப்ல எல்லார் முன்னாடியும் சொல்லுங்க."

அவர் மனைவி வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டுவிட்டுப் புருஷனைப் பார்த்தார். கத்தியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து அவர் பக்கத்தில் போய் நின்றுகொண்டார். அதற்குமேல் அங்கே எனக்கு வேலை இல்லை, வந்துவிட்டேன். வேலைக்குத் திரும்பி வருகிறீர்களா என்று வாசலில் கேட்டேன். "மாட்டேன்" என்றார். அதை உதட்டில் படிக்கக் கஷ்டமே இல்லை.

நேற்று காலை பத்து மணிக்குக் கிளப்பில் எல்லாரையும் கூப்பிட்டேன். பகல் வெளிச்சத்தில் நம் ஆடுதளத்தை நீ பார்த்ததில்லை. கீறலும் கறையுமாக, அழுக்குத் தரை. ஸ்டோர்க்காரரும் வந்து வாசலோரம் நின்றார். ஒயரம்மா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளை நிறுத்தவில்லை. புதுசாக எதையும் என் மேஜையில் வைக்கவேண்டாம் என்று மட்டும் சொல்லியிருக்கிறேன். துப்புரவு அம்மா பின்வரிசையில், கையைத் துணியில் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். விரல் நுனி இன்னும் சரியாகவில்லை. இனி சரியாகாது என்கிறார்கள்.

எல்லாவற்றையும் சொன்னேன். ஸ்டோர்க்காரர் இரண்டு தடவை சொன்னார், நான் கேட்காமலே தலையாட்டினேன், அவர்மேல் தப்பில்லை, நான் மேலேதான் இருந்தேன். பேச்சு முடிந்தது. முப்பது முகங்கள். சில வாய்கள் அசைந்தன. திட்டுகிறார்களா, தங்களுக்குள் பேசிக்கொள்கிறார்களா, தெரியவில்லை. ஸ்டோர்க்காரர் கதவைத் திறந்துகொண்டு போனார்.

பின்வரிசையில் அந்த அம்மா எழுந்து நின்று என்னிடம் ஏதோ சொன்னார். பழக்கத்தில் என் தலை ஆடப் போனது. பிடித்து நிறுத்தினேன்.

"எனக்குக் கேக்கலம்மா. கிட்ட வந்து இன்னொரு தடவ சொல்லுங்க" என்றேன். இன்னொரு தடவை சொல்லுங்கள் என்பது நாலு வருஷத்தில் நான் யாரிடமும் சொல்லாத வார்த்தை.

நாற்காலிகளுக்கு நடுவே நடந்து வந்தார். சாபம் விடப்போகிறார் என்றுதான் நினைத்தேன். விட்டால் வாங்கிக்கொள்வது என்று நின்றேன். ஒரு கை தூரத்தில் வந்து, என் கண்ணைப் பார்த்து, ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார்:

"நாளைக்கு வேலை இருக்கா இல்லையான்னு கேட்டேன்."

"தெரியலம்மா" என்றேன். "சோதனை முடிஞ்சாதான் தெரியும். தெரிஞ்சதும் மறைக்காம சொல்றேன்."

அவர் பின்னால் திரும்பிப் பார்த்தார். பிறகு என்னிடம் சொன்னார்: "சத்தமா சொல்லுங்க. அங்க இருக்கறவங்களுக்குக் கேக்கல."

சத்தமாகச் சொன்னேன்.

மாமாவுக்கு என் அன்பு. பதில் எழுது.

தம்பி